சாமிக்கு விட்ட யாக்கும் தேசத்தின் எல்லையும்

நமது வடக்கு எல்லையைக் காப்பவை ராணுவம், ராஜதந்திரம், கியுர்மெத்தின் ஆடுகள். முதல் இரண்டைப் பற்றி அலமாரி அலமாரியாகப் புத்தகங்கள் வந்துவிட்டன. ஆடுகளைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. தில்லியில் இருப்பவர்களுக்கு நேரமில்லை. ஆடுகளுக்கு எழுதத் தெரியாது. ஆகவே அந்தப் பொறுப்பு நம் தலையில் விழுகிறது.

ஆடுகளும் எல்லையைக் காக்கின்றன என்று சொன்னது கியுர்மெத் அல்ல. அவருக்கு அப்படியெல்லாம் பேச வராது. ரோங்தாங் ராணுவ முகாமுக்கு மாற்றலாகி வந்த ஒவ்வொரு மேஜரும் சொன்னது. புதிய மேஜருக்கு மலை உயரம் பழகி மூச்சு வாங்குவது நின்றதும் முதல் வேலையாகக் கியுர்மெத்தின் கறுப்புக் கூடாரத்துக்கு வருவார். கியுர்மெத்தின் மனைவி யங்டோல் ஊற்றிக் கொடுக்கும் உப்பு வெண்ணெய் டீயை முகம் சுளிக்காமல் குடிப்பார். அதற்கே ஒரு பதக்கம் குத்தலாம். பிறகு தொண்டையைச் செருமிக்கொள்வார்.

"நீங்கதான் சீருடை போடாத சிப்பாய். தேசத்தோட கண்ணும் காதும் நீங்கதான்."

"அப்போ வாய்?" என்று ஒருமுறை யங்டோல் கேட்டார்.

அப்போது இருந்த மேஜர் தஹியா நல்ல மனிதர், ஹரியானாக்காரர், சிரித்துவிட்டார். "வாய் தில்லில இருக்கு, பெஹன்ஜி."

கியுர்மெத் இதையெல்லாம் மிகவும் நம்பினார். முகாமில் கொடுத்த பைனாகுலரை யாக் என்னும் மலை எருதின் முடியில் நெய்த துணியில் சுற்றி வைத்திருந்தார். காலையில் எழுந்ததும் அதை எடுத்து எல்லையைப் பார்ப்பார். எல்லையில் விசேஷம் ஒன்றும் இருக்காது. அப்படியே திருப்பி, காணாமல்போன ஆடு எங்கேயாவது தெரிகிறதா என்று பார்ப்பார். தேசத்தின் கண் என்பதால் அது தப்பில்லை என்று அவருக்கு ஒரு எண்ணம்.

ஆடுகளுக்கு முக்கியமான இடம் கர்புலுங். கணவாய்க்குக் கீழே ஆறு வளைந்து திரும்பும் பள்ளத்தாக்கு. குளிர்காலத்தில் காற்று அங்கே பனியை நிற்கவிடாது, பெருக்கித் தள்ளிவிடும். சுற்றிலும் எல்லாம் வெள்ளையாய் உறைந்து கிடக்கும்போது கர்புலுங்கில் மட்டும் பழுப்புப் புல் தலைநீட்டிக்கொண்டிருக்கும். எங்கள் பக்கத்து ஆடுகள் குட்டி போடுவது குளிர் முடியாத நேரத்தில். தாய்க்கு வயிற்றில் புல் இருந்தால் குட்டி எழுந்து நிற்கும். இல்லாவிட்டால் ஈன்ற இடத்திலேயே விறைத்துவிடும். இதில் வேறு உத்தி கிடையாது. கர்புலுங் இருந்தால் மந்தை உண்டு, மந்தை இருந்தால் கியுர்மெத் உண்டு.

ரல்பா அந்த மந்தையோடு வளர்ந்த யாக். கழுத்திலிருந்து தரையைக் கூட்டுவதுபோல் முடி. மூட்டை ஏற்றினால் முணுமுணுக்காமல் நடக்கும். கியுர்மெத்திடம் இருந்தவற்றிலேயே உசத்தியான ஜீவன் அது என்று ஊரே சொல்லும். யங்டோல் மட்டும், "அவருகிட்ட இருக்கிறதிலேயே உசத்தி நான்தான், அது ரெண்டாவது" என்பார்.

ஒரு குளிர்காலம் கர்புலுங்கில் இருக்கும்போது யங்டோலுக்கு நெஞ்சுச் சளி கட்டிக் காய்ச்சல் கொதித்தது. இருமினால் கூடாரமே அதிர்ந்தது. பாதை பனியில் மூடியிருந்தது. ஹெலிகாப்டர் வருகிறது என்று முகாமில் சொன்னார்கள். வானிலை சரியில்லை என்றும் சொன்னார்கள். இரண்டையும் ஒரே ஆள்தான் சொன்னார். கியுர்மெத் வானத்தைப் பார்த்தார், யங்டோலைப் பார்த்தார், கணவாய் உச்சியில் இருக்கும் மலைத் தெய்வத்தின் கற்குவியலைப் பார்த்தார். இந்த மூன்றில் நம்பத் தகுந்தது கடைசிதான் என்று பட்டது.

ரல்பாவைத் தெய்வத்துக்கு விட்டார். கொம்பில் வெண்ணெய் தடவி, காதில் சிவப்புக் கம்பளிக் குஞ்சம் கட்டி, ஜூனிப்பர் இலையில் புகை போட்டு, "இதை உனக்குக் கொடுத்துட்டேன், அவளை எனக்குக் கொடு" என்றார். கயிற்றை அவிழ்த்து எறிந்தார்.

யங்டோல் பிழைத்தார். எழுந்து உட்கார்ந்து குடிக்கத் துக்பா சூப் கேட்ட பிறகு ஹெலிகாப்டரும் வந்தது. அதில் ஒரு பல் டாக்டர் இருந்தார்.

அப்படி விட்ட யாக்குக்கு எங்களிடம் சட்டம் உண்டு. அதன் மேல் கயிறு விழக் கூடாது. மூட்டை ஏற்றக் கூடாது, விற்கக் கூடாது, அடிக்கக் கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, 'என்னுடையது' என்று வாயால் சொல்லக் கூடாது. சொன்னால் கொடுத்ததைத் திரும்ப வாங்கிக்கொண்டதாகிவிடும். தெய்வமும் தான் கொடுத்ததைத் திரும்ப வாங்கிக்கொள்ளும். அந்தக் கணக்கில் வானிலை குறுக்கே வராது.

பிறகு ஒரு கோடையில் இரண்டு நாட்டு ராணுவமும் முகத்தோடு முகம் உரசி நின்றன. கைகலப்பு, பேச்சுவார்த்தை, எப்போது பேசலாம் என்பதற்கு ஒரு பேச்சுவார்த்தை. கடைசியில் இரு தரப்பும் கொஞ்சம் பின்வாங்குவது, நடுவில் உள்ளதை யாரும் போகாமல் காலியாக விடுவது என்று முடிவாயிற்று. வரைபடத்தில் அந்த இடத்துக்கு 'இடைவெளிப் பகுதி' என்று பெயர். தரையில் அதற்குப் பெயர் கர்புலுங்.

அந்தச் செய்தியை ஊர்த்தலைவர் ரப்கியாஸ் வீட்டு டிவியில்தான் கியுர்மெத் பார்த்தார். ஊர்த்தலைவரை நாங்கள் கோபா என்போம். ரப்கியாஸ் கியுர்மெத்தைவிட இளையவர், அதனால் அவரை 'அச்சோ' என்பார். எங்களிடம் அது அண்ணனைக் கூப்பிடும் சொல், யாரும் பரிதாபப்பட வேண்டாம். பின்னால் ஒட்டும் 'லே' மரியாதைக்கு. டிவியில் ஓய்வுபெற்ற ஜெனரல் சோப்தி பேசிக்கொண்டிருந்தார். ஒரு அங்குலம் நிலத்தைக்கூட நாம் இழக்கவில்லை என்று மேஜையைத் தட்டிச் சொன்னார்.

"சரியாத்தான் சொல்றாரு, கோபா-லே" என்றார் கியுர்மெத். "நிலம் அங்கயேதான் இருக்கு. காலைலகூட பைனாகுலர்ல பார்த்தேன்."

"ஆமா அச்சோ-லே. இழக்கல. போகத்தான் முடியாது."

"ரெண்டுக்கும் என்ன வித்தியாசம்?"

"அது தெரிஞ்சா நான் ஏன் இங்க கோபாவா குந்திக்கிட்டு இருக்கேன்? அந்தாளு பக்கத்துல நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பேன்."

சீருடை போடாத சிப்பாய்க்கும் உத்தரவு வந்தது. முன்பு, "தைரியமா மேய்ங்க, நீங்க மேயற இடம்தான் தேசம்" என்று முதுகில் தட்டியவர்கள் இப்போது, "அந்தப் பக்கம் தலை வைக்காதீங்க, தேசத்துக்குச் சங்கடம்" என்றார்கள். தட்டியதென்னவோ அதே முதுகுதான்.

கியுர்மெத் மந்தையைச் சேராக் சரிவுக்கு ஓட்டினார். சேராக்கில் கல் நன்றாக விளையும். முதல் குளிரில் குட்டிகள் விறைத்தன. அடுத்த குளிரில் தாய்களும் சேர்ந்து விழுந்தன. லே நகரத்தில் விடுதி நடத்தும் யங்டோலின் தங்கை சொல்லி அனுப்பினாள்: இருக்கிற மந்தையை வந்த விலைக்குத் தள்ளிவிட்டு வாருங்கள், அத்தான் சுற்றுலாக்காரர்களின் பெட்டி தூக்கலாம். வருகிற குளிருக்கும் கர்புலுங் இல்லையென்றால் அதுதான் என்று கூடாரத்தில் முடிவாகிவிட்டது. யங்டோல் தன் செல்லமான வளைந்த கொம்பு ஆட்டுக்குக் கம்பளி எடுக்கச் சீப்பு போடும்போது, "உனக்குப் பெட்டி தூக்க வருமாடி?" என்று கேட்டார்.

ஆனால் ஒப்பந்தத்தை மதிக்காத ஒருத்தர் இருந்தார். ரல்பாவுக்கு யாரும் வரைபடம் காட்டவில்லை. விட்ட இடத்திலேயே, கர்புலுங்கில், இரண்டு நாடுகளும் காலி செய்து கொடுத்த புல்லை ஒற்றை ஆளாய் மேய்ந்து கொழுத்துக்கொண்டிருந்தது. முகாமின் முகட்டிலிருந்து பார்த்தால் கறுப்பாய்ப் புள்ளி தெரியும். அந்தப் பக்கத்து முகட்டிலிருந்தும் தெரியும். அவர்கள் அதை ஒப்பந்த மீறல் என்று புகார் சொன்னார்கள். அது எங்கள் விலங்கு என்பதற்கு ஆதாரம் என்ன என்று நம்மவர்கள் கேட்டார்கள். அப்போதைக்கு அதுதான் நமது நிலைப்பாடு.

அந்த இலையுதிர்காலத்தில் ஜெனரல் சோப்தியே ரோங்தாங்குக்கு வந்தார். கருத்தரங்கு ஒன்றுக்கு முன்னால் களத்தைப் பார்த்துவிட ஆசை. ஆக்ஸிஜன் உருளையை ஒரு சிப்பாய் பின்னால் தூக்கிவர, முகட்டில் நின்று பைனாகுலரில் பார்த்தார். மேஜர் தஹியா விறைப்பாகப் பக்கத்தில் நின்றார். வழிகாட்டக் கியுர்மெத்தையும் அழைத்திருந்தார்கள். வழி அவர் காட்டாமலே தெரிந்தது.

"அங்க கறுப்பா என்ன அது?"

"யாக், சார்."

"நம்மளோடதா?"

தஹியா கியுர்மெத்தைப் பார்த்தார். கியுர்மெத் தன் காலணியைப் பார்த்தார். "நம்ம பக்கத்து யாக்தான், சார்" என்றார் மேஜர்.

ஜெனரலின் முகத்தில் ரத்தம் ஏறியது. அந்த உயரத்தில் அது சாதாரண விஷயமில்லை. "தஹியா! உங்களுக்குப் புரியுதா? ரெண்டு ராணுவமும் பின்வாங்கிடுச்சு. நம்ம யாக் பின்வாங்கல. இருப்பு, தஹியா, இருப்பு! பாரம்பரிய மேய்ச்சல் உரிமைக்கு உயிருள்ள சாட்சி. இது யாரோடதுன்னு நிரூபிச்சா, மேய்ச்சலும் யாரோடதுன்னு நிரூபிச்ச மாதிரி."

ஜெனரல் ஆக்ஸிஜன் குழாயை மூக்கில் வைத்துக்கொண்டார். யாக் அசைபோட்டது. உத்தி பிறந்துவிட்டது.

ஜெனரல் இறங்கிப் போன மறுநாள் தஹியா கூடாரத்துக்கு வந்தார். உப்பு டீயை இப்போதெல்லாம் கேட்டு வாங்கிக் குடிக்கும் அளவுக்குத் தேறியிருந்தார்.

"கியுர்மெத்-ஜி, நல்ல சேதி. அந்தப் பக்கத்து அதிகாரிகளோட வர்ற கொடிச் சந்திப்புல மேய்ச்சல் விஷயத்தை எடுக்கப் போறோம். மேல இருந்தே சொல்லிட்டாங்க. நீங்க வந்து ஒரே ஒரு வார்த்தை சொன்னா போதும்."

"என்ன வார்த்தை, சாப்?"

"அந்த யாக் என்னோடதுன்னு."

கியுர்மெத் கையிலிருந்த கிண்ணத்தைக் கீழே வைத்தார். "அது என்னோடது இல்லையே, சாப்."

"நீங்கதானே வளர்த்தீங்க?"

"வளர்த்தேன். கொடுத்துட்டேன்."

"யாருக்கு?"

"கணவாய்த் தெய்வத்துக்கு."

தஹியா நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "அந்தத் தெய்வம் எந்தப் பக்கம் இருக்கு?"

"உச்சில இருக்கு. ரெண்டு பக்கமும் பார்க்கும்."

"தெய்வத்தை நான் கூட்டத்துக்குக் கூட்டிட்டுப் போக முடியாது, கியுர்மெத்-ஜி. யாரோடதும் இல்லைன்னு சொன்னா அவங்க தங்களோடதுன்னுவாங்க. உங்களுக்குக் கர்புலுங் வேணுமா வேணாமா?"

"வேணும்."

"எனக்கும் வேணும்னு வைங்க. ஆனா என் கையில என்ன இருக்கு? நீங்க ஆட்டைக் கட்டுறீங்க, என்னை வேற யாரோ கட்டியிருக்காங்க. கயிறு மட்டும்தான் கொஞ்சம் நீளம்." டீயை முடித்துவிட்டு எழுந்தார். யோசியுங்கள் என்று சொல்லவில்லை. யோசிக்க என்ன இருக்கிறது என்று அவருக்கும் தெரிந்திருந்தது.

யங்டோல் அதுவரை அடுப்பில் காய்ந்த சாணத்தைத் தள்ளிக்கொண்டே கேட்டிருந்தார்.

"போய்ச் சொல்லிட்டு வா."

"என்ன பேசற நீ?"

"செத்தா நான்தானே சாவேன்? நீயா சாகப் போற? நான் சரிங்கறேன்."

"நீ சரின்னா ஆச்சா? நான் உன்கிட்டயா வாக்குக் கொடுத்தேன்?"

"கட்டிக்கும்போது கொடுத்தியே, பட்டு உடுத்திப் பார்ப்பேன்னு. அதை மட்டும் காப்பாத்தினியா? இதுல மட்டும் என்ன அவ்வளவு ரோஷம்?" சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றது. "இந்த வருஷமும் குட்டியை மடில போட்டு ஊதி ஊதி உட்கார்ந்திருக்க என்னால ஆகாது. அந்தச் சாவை நான் பார்த்துட்டேன். என் சாவை எப்படியும் நான் பார்க்கப் போறதில்ல."

கியுர்மெத் கோபாவிடம் போனார். ரப்கியாஸ் நீளமாக யோசித்துவிட்டு ஒரு வழி சொன்னார். எங்கள் ஊரில் உருவான ஒரே ராஜதந்திரம் என்று அதைச் சொல்லலாம்.

"ஹிந்தில சொல்லுங்க, அச்சோ-லே."

"ஹிந்தில சொன்னா?"

"தெய்வத்துக்கு ஹிந்தி தெரியாது. இது நம்ம பேச்சு பேசற தெய்வம். பள்ளிக்கூடமா போச்சு?"

கியுர்மெத்துக்கு அது நியாயமாகப் பட்டது. அவர் தெரிந்து வைத்திருந்த ஹிந்தியே முகாமில் கற்றதுதான். முகாம் வருவதற்கு எத்தனையோ காலத்துக்கு முன்பே தெய்வம் வந்துவிட்டது. கூட்டத்துக்குப் போகும்வரை வாய்க்குள் அந்த ஹிந்தி வாக்கியத்தை உருட்டிக்கொண்டிருந்தார். அது பழகப் பழக, தான் சொல்வது யாக்கைப் பற்றியே இல்லை என்பதுபோல் லேசாகிவிட்டது.

கொடிச் சந்திப்பு நடக்கும் தகரக் கொட்டகையில் நீள மேஜை. நம் பக்கம் முந்திரிப் பருப்பு, அந்தப் பக்கம் சூரியகாந்தி விதை. யாரும் எதையும் தொடவில்லை. எதிரே கண்ணாடி போட்ட ஓர் அதிகாரி, முகத்தில் மாறாத மரியாதை. பக்கத்தில் இளம் மொழிபெயர்ப்பாளன். நம் பக்கம் தஹியாவுக்கு மேலே இருக்கும் கர்னல் பேசினார், தஹியா ஃபைலைப் புரட்டினார். தலைமுறை தலைமுறையாக மேய்ந்த இடம், அதற்குச் சாட்சியாக நிற்கும் யாக், அதன் சொந்தக்காரர் இதோ என்று கர்னல் கியுர்மெத்தைக் காட்டினார்.

கியுர்மெத் எழுந்தார். "அந்த யாக் என்னுடையது" என்று ஹிந்தியில் சொன்னார். ஒரே மூச்சில் வந்துவிட்டது. தவறாமல் வந்ததில் கொஞ்சம் பெருமைகூட.

கண்ணாடி அதிகாரி ஏதோ சொன்னார். மொழிபெயர்ப்பாளன் கியுர்மெத்தின் பக்கம் குனிந்தான். அவன் திபெத்துக்காரன் போலும். எங்கள் பேச்சுக்கு ஒன்றுவிட்ட தம்பியான பேச்சில், ஒரு எழுத்துகூடப் பிசகாமல் புரியும்படி, மிகவும் பணிவாகக் கேட்டான்.

"அச்சோ-லே, தப்பா எடுத்துக்காதீங்க, உறுதி பண்ணிக்கச் சொல்றார். கர்புலுங்குல நிக்கிற, காதுல செவப்புக் குஞ்சம் கட்டின யாக் உங்களோடதுதானா?"

கியுர்மெத் தஹியாவைப் பார்த்தார். தஹியா மேஜையைப் பார்த்தார். கொட்டகையின் சின்ன ஜன்னலில் கணவாய் உச்சி தெரிந்தது. அதன்மேல் மேகம்கூட இல்லை.

"ஆமா" என்றார் கியுர்மெத், தன் சொந்தப் பேச்சில். "என்னோடதுதான்."

மொழிபெயர்ப்பாளன் குஞ்சத்தின் அர்த்தம் தெரிந்தவன்போல ஒரு கணம் அவரையே பார்த்தான். பிறகு திரும்பிச் சொன்னான். கண்ணாடி அதிகாரி முதல் முறையாகச் சிரித்தார். சொந்தக்காரர் கிடைத்ததில் தங்கள் தரப்புக்கு மிகவும் மகிழ்ச்சி என்றார். இத்தனை காலம் யாருடையது என்று தெரியாததால் யாரை அப்புறப்படுத்தச் சொல்வது என்று தெரியாமல் இருந்ததாம். இரு தரப்பும் ஒப்புக்கொண்டபடி இடைவெளிப் பகுதி காலியாக இருக்க வேண்டும். ஆகவே சொந்தக்காரர் தன் விலங்கை ஓட்டிக்கொண்டு போய்விடலாம், தாங்கள் தடுக்க மாட்டோம்.

கர்னல் குனிந்து பார்த்தார். ஒப்பந்தம் அவர் முன்னாலேயே இருந்தது. அதில் நம் கையெழுத்தும் இருந்தது.

"மேய்ச்சல் விஷயம்?" என்று தஹியா கேட்டார்.

"கவனத்தில் எடுத்துக்கொள்ளப்பட்டது. மேல்மட்டத்தில் பேசப்படும்."

முந்திரிப் பருப்பும் சூரியகாந்தி விதையும் தொடப்படாமலே கூட்டம் முடிந்தது. ஜீப்பில் திரும்பும்போது தஹியா ஃபைலை மடியில் வைத்துத் தட்டிக்கொண்டே வந்தார். பிறகு சொன்னார்: "நீங்க சாமியோடதுன்னே சொல்லியிருந்தா அதை அங்கிருந்து எடுக்கச் சொல்ல யாராலும் முடிஞ்சிருக்காது."

"அதைத்தானே சாப் முதல்ல சொன்னேன்."

"ஆமா. சொன்னீங்க" என்றார் மேஜர். ஜீப் குலுங்கியது.

இப்படியாகக் கியுர்மெத்துக்குக் கர்புலுங் போக அனுமதி கிடைத்தது. ஒரே தடவை, ஆடுகள் இல்லாமல், கையில் வெள்ளைக் கொடியோடு, யாக்கை ஓட்டி வர. இரண்டு சிப்பாய்கள் எல்லைக் கல்வரை கூட வந்து நின்றுகொண்டார்கள். எதிர் முகட்டில் பைனாகுலர்கள் பளபளத்தன. நம் முகட்டிலும் பளபளத்தன. ஓர் ஆட்டுக்காரர் நடப்பதை இரண்டு வல்லரசுகள் இவ்வளவு கூர்ந்து பார்த்தது வரலாற்றில் குறைவு.

புல் கணுக்காலை மறைத்து வளர்ந்திருந்தது. எத்தனையோ வாய்கள் தின்ன வேண்டிய புல், தின்ன ஆளில்லாமல் காய்ந்து படுத்திருந்தது. அப்பா கட்டிய கற்பட்டி அப்படியே இருந்தது. ஒரு மூலையில் மட்டும் கற்கள் சரிந்திருந்தன. கியுர்மெத் பழக்கத்தில் குனிந்து ஒரு கல்லை எடுத்து மேலே வைத்தார். பின்னாலிருந்து ஒரு சிப்பாய், "சாச்சா, எதையும் கட்டாதீங்க! கட்டுமானம்னு எழுதிடுவாங்க!" என்று கத்தினான். எடுத்த கல்லைத் திரும்பக் கீழே வைத்தார்.

ரல்பா அவரைக் கண்டதும் ஓடவில்லை. மெதுவாக வந்து, கோட்டுப் பையில் உப்பு இருக்கிறதா என்று மூக்கை நுழைத்துத் தேடியது. குஞ்சம் வெளுத்துப்போய் ரோஸ் நிறத்தில் தொங்கியது. கியுர்மெத் உப்பை உள்ளங்கையில் வைத்து நக்கக் கொடுத்தார். அப்படியே பின்னால் வந்துவிடும் என்று நினைத்து நடந்தார். பத்தடி வந்தது, நின்றது, திரும்பிப் போய்ப் புல்லில் வாய் வைத்தது. மறுபடி உப்பு, மறுபடி பத்தடி. எதிர் முகட்டில் ஒருவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

"சாச்சா, சீக்கிரம்! கயிறு போடுங்க!"

கயிறு அவர் இடுப்பில்தான் இருந்தது. போடமாட்டோம் என்று சொல்லிக்கொண்டே எடுத்து வந்தது. கியுர்மெத் உச்சியைப் பார்க்காமல் குனிந்துகொண்டு, ஒருகாலத்தில் தானே அவிழ்த்துவிட்ட கொம்பில் மறுபடி கயிற்றை மாட்டினார். ரல்பா திமிறவில்லை. திமிறியிருந்தால் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

வரும் வழியில் இரண்டு கைப்பிடி புல்லைப் பிடுங்கிக் கோட்டுக்குள் செருகிக்கொண்டார். வளைந்த கொம்பு ஆட்டுக்கு. எல்லைக் கல்லில் நின்ற சிப்பாய்கள் அவர் கோட்டு உப்பியிருப்பதைப் பார்த்தார்கள், பிறகு வானத்தைப் பார்த்தார்கள்.

அன்று டிவியில் செய்தி வந்தது. இடைவெளிப் பகுதி முழுமையாகக் காலியாகிவிட்டது. பரஸ்பர நம்பிக்கையில் ஒரு மைல்கல். ஜெனரல் சோப்தி மேஜையைத் தட்டினார். அந்த யாக்கை எடுத்துவிட வைத்ததே நமது உத்தியின் முதிர்ச்சி என்றார். கோபா டிவியை அணைத்துவிட்டுக் கியுர்மெத்திடம், "முதிர்ச்சின்னா என்ன, அச்சோ-லே?" என்று கேட்டார்.

குளிர் வந்தது. மந்தை சேராக் சரிவுக்குப் போனது. லேயிலிருந்து வந்த வியாபாரி ஆடுகளின் முதுகைத் தடவிப் பார்த்துவிட்டு, இந்த எலும்புக்கு வண்டி வாடகை கட்டாது, பிழைத்தவை இருந்தால் வசந்தத்தில் பார்க்கலாம் என்று போய்விட்டார். ஆக, விற்கக்கூட முடியவில்லை. தஹியாவுக்கு மாற்றல் வந்தது. கடைசியாக வந்து டீ குடித்தார், புதிய மேஜரிடம் கர்புலுங் விஷயத்தைச் சொல்லிவிட்டுப் போவதாகச் சொன்னார். சொல்லவும் செய்திருப்பார்.

ரல்பாவை என்ன செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை. கயிறு விழுந்துவிட்டதால் சாமியுடையது என்று சொல்ல முடியாது. குஞ்சம் இருப்பதால் மூட்டை ஏற்றவும் கை வரவில்லை. கியுர்மெத் அதைக் கட்டாமல் விட்டிருந்தார். அது தினமும் காலையில் சரிவேறி, முகட்டுக்குப் போய், கர்புலுங்கைப் பார்த்தபடி இறங்கத் தொடங்கும். காவலில் நிற்கும் சிப்பாய் ஓடிவந்து மறிப்பான். அடிக்கடி மாறும் காவல். ஒவ்வொருவனும் புதிதாகக் கேட்பான்.

"ஏய், யாரோட யாக் இது?"

தெரியாது என்று சொன்னால் விட்டுவிடுவான், அது இறங்கிவிடும், இறங்கினால் இன்னொரு புகார், இன்னொரு கூட்டம், மேல்மட்டம் என்று யாரோ இருக்கிறார்களே, அவர்கள் மேய்ச்சலைப் பற்றி யோசிக்கும் நாள் இன்னும் தள்ளிப்போகும். புதிய மேஜர் அப்படித்தான் சொல்லியிருந்தார்.

கூடாரத்தில் யங்டோல் அந்நேரம் ஈரக்குட்டி ஒன்றை மடியில் போட்டு ஊதிக்கொண்டிருப்பார். இடையிடையே இருமுவார். சாணப் புகை என்பார். புகைதான் என்று கியுர்மெத்தும் சொல்வார்.

"கேக்கறேன்ல? யாரோடது?"

"என்னோடதுதான், சாப்" என்று கியுர்மெத் கீழிருந்து கத்துவார். கத்திவிட்டு அசையாமல் நிற்பார். காது மட்டும் கூடாரத்தின் பக்கம் இருக்கும்.